பசுமைக்கு இடைஞ்சலான வேப்பமரம்

வேங்கிக்கால் போகும் டவுன் பஸ்ஸில் மூன்று பேர் இருக்கையில் நாங்கள் நான்கு பேர். நிற்பவர்களை எண்ணிக்கொண்டிருந்தேன். இருபத்திரண்டாவது ஆளோடு எண்ணிக்கை நின்றுபோனது. காரணம், முன் இருக்கையில் லேப்டாப் பையோடு இருந்தவர் தன் மனைவியிடம் சொன்ன வார்த்தை.

"அந்த வேப்பமரம் நிக்கற வரைக்கும் எங்க கம்பெனி பசுமையாவாது."

"இன்னாங்க உளர்றீங்க?"

"நாங்க வீட்லயே வேல செஞ்சா, ஆபீஸ் வர்ற வண்டிப் புகை கம்மினு கம்பெனி கணக்கு காட்டுது. நம்ம வீட்லதான் மரம் டவர மறைக்குதே, நெட்டே நிக்கல. கேபிளும் நம்ம தெருவுக்கு வர்ல. இப்படியே இருந்தா மெட்ராஸுக்கே வந்துடுன்றாங்க."

"மரத்த வெட்டிட்டா? உங்க ரூமு ஷீட்டு போட்டது. வெயில்ல வெந்துடுவீங்க."

"ஏசி போட்டுக்கலாம்."

"கரண்டு ஜாஸ்தி ஆவுமே. அப்போ பசுமை?"

"அது நம்ம வீட்டு கரண்டுமா. கம்பெனி கணக்குல வராது."

"வெட்டற மரம்?"

"அதுவும் வராது."

அந்தப் பெண் நிதானமாகச் சொன்னார்.

"அப்போ நீங்க மெட்ராஸுக்கே போங்க. மரம் எங்கூட இருக்கட்டும். அதுக்கு நெட்டு வேணாம்."

"வெளாட்டுக்குத்தான சொல்ற?"

"இல்லங்க."

கண்டக்டர் வேங்கிக்கால் என்று கூவினார். கணவர் லேப்டாப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எழுந்தார். படியில் இறங்கும்போது திரும்பிக் கேட்டார்.

"சனி, ஞாயிறு வரலாமில்ல?"