ஓட்டை விழாத புட்டிங்

கெசியோவை மைக்ரோவேவில் எட்டே நிமிடத்தில் வேகவைத்துவிடலாம், அம்மா. நீ நம்பமாட்டாய், நானும் முதலில் நம்பவில்லை. நம் ஊர் மரக்காய்போவில் கரண்ட் எப்போது போகும் என்று யாருக்கும் தெரியாது. ஒரு மணி நேரம் ஆவியில் வைத்துக் காத்திருப்பதைவிட உனக்கு இதுதான் தோது. கரண்ட் வந்ததும் ஆரம்பித்தால், அது மறுபடி போவதற்குள் புட்டிங் தயார்.

கண்ணாடிக் கிண்ணத்தில் நாலு ஸ்பூன் சர்க்கரை, ஒரு ஸ்பூன் தண்ணீர். மூன்று நிமிடம். கடைசி அரை நிமிடம் அந்த இடத்தை விட்டு நகராதே. டீ நிறம் வந்ததும் எடுத்துவிடு, பத்து விநாடி அசந்தால் கரிதான். சூடாக இருக்கும்போதே கிண்ணத்தைச் சுழற்றினால் பாகு ஓரமெல்லாம் ஒட்டிக்கொள்ளும். மிக்சியில் மூன்று முட்டை, ஒரு டின் கண்டென்ஸ்டு மில்க், அதே டின்னால் ஒரு டின் பால், ஒரு மூடி ரம். அடித்து ஊற்றி, பாதிச் சூட்டில் எட்டு நிமிடம். நன்றாக ஆறவிட்டுத் தட்டில் கவிழ்த்தால் குலுங்கிக்கொண்டு வந்து உட்காரும். வெட்டினால் உள்ளே குட்டிக் குட்டி ஓட்டைகள். பாகு போய்த் தங்க இடம் வேண்டாமா?

இன்னொன்றும் கேட்டிருந்தாய். கடைச் சமையல்கார அம்மா ஏன் வேலையை விட்டுப் போனார், நீ அவரிடம் ஒழுங்காக நடந்துகொண்டாயா என்று. கையெல்லாம் முட்டை, அதனால் போனிடம் பேசிக்கொண்டிருக்கிறேன், அது எழுத்தாக்கி அனுப்பிவிடும். தங்கை யூலெக்சிக்கும் படித்துக் காட்டு. நீங்கள் கவலைப்படும்படி ஒன்றும் நடக்கவில்லை. உங்களிடம் நான் எதையும் மறைத்ததும் இல்லை.

எலோய்சாம்மாவுக்கு அறுபத்திரண்டு வயது. லிமாவில் இந்தச் சந்தைக்குப் பின்னால் உள்ள சாப்பாட்டுக் கடையில் முப்பத்தொரு வருடமாகச் சமைத்துக்கொண்டிருந்தார். நான் பாத்திரம் கழுவி வெங்காயம் நறுக்கினேன். வந்த முதல் நாளே என் பெயரைக் கேட்டுச் சிரித்தார்.

"நைலிபெத்தா? அது என்னடி பேரு, மருந்துக்கடையில கேட்டா சிரப்பு குடுப்பான் போல?"

"எங்க ஊர்ல எல்லாம் இப்படித்தாம்மா. பக்கத்து வீட்டுப் பையன் பேரு யூஎஸ்நேவி."

அன்று முழுக்க அவர் சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தார். என் தட்டில் எப்போதும் ஒரு துண்டு கறி கூடுதலாக விழும். குளிர் ஆரம்பித்ததும் தன் கம்பளிச் சட்டையைக் கொண்டுவந்து, "உங்க ஊர்க்காரிங்களுக்குத் தோல் மெல்லிசு" என்று என் தோளில் போட்டார். இப்போதும் அதைத்தான் போட்டிருக்கிறேன்.

அவருடைய பெருமை எல்லாம் வோல்தியாதாவில் இருந்தது. அதுவும் நம் கெசியோவைப் போல முட்டை, பால், அடியில் பாகு, கவிழ்த்து வைப்பதுதான். ஆனால் இங்கே அது கண்ணாடி மாதிரி வழவழப்பாக இருக்க வேண்டும். ஒரு ஓட்டை விழுந்தாலும் சமைத்தவளுக்கு அவமானம். அடுப்புப் பெட்டியில், தண்ணீர்த் தட்டின் நடுவில், தண்ணீர் கொதித்துவிடாதபடி இரண்டு மணி நேரம் காவல் இருப்பார்.

மே மாதம் உன் பிறந்தநாளன்று கடை மைக்ரோவேவில் ஒரு கெசியோ செய்தேன். நீ இல்லாமல் உனக்காக நான் செய்த முதல் கெசியோ. எலோய்சாம்மா வெட்டிப் பார்த்துவிட்டு, தட்டை அப்படியே சாப்பாட்டுக் கூடத்துக்குத் தூக்கிக்கொண்டு போனார்.

"வந்து பாருங்கப்பா, இந்தப் பொண்ணு புட்டிங்ல பூச்சி வளர்க்குறா!"

மூலை மேசையில் டயர் கடைக்காரர் தோரிபியோ இருந்தார். "எக்கா, இத்தனை ஓட்டைக்கு எங்கிட்ட பஞ்சர் பசை கிடையாது" என்றார். கூடமே சிரித்தது. நானும் சிரித்தேன். நல்ல நகைச்சுவைதானே.

"கோச்சுக்காதடி" என்றார் எலோய்சாம்மா, உள்ளே வந்ததும். "ஓட்டை விழுந்தா கை சரியில்லன்னு அர்த்தம். முப்பத்தொரு வருஷத்துல எனக்கு ஒண்ணு விழுந்ததில்ல. நீயும் கத்துக்குவ."

எனக்குக் கோபம் வரவில்லை. அதைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். எல்லோருக்கும் ஓட்டை விழும் என்பது அவருக்கும் ஒரு தடவை தெரியட்டும் என்று மட்டும் நினைத்தேன்.

அதே வாரம் முதலாளி வில்ஃப்ரேதோ, ஜூலை விடுமுறைக்குப் பிறகு சமையலறைக்கு ஒரு ஆள் போதும் என்றார். இந்த நாட்டில் தங்குவதற்கான என் தாள்கள் இன்னும் வரவில்லை, வேலை போனால் அறையும் போகும், அது உனக்கே தெரியும். இதற்கும் மற்றதற்கும் சம்பந்தமில்லை. வரிசை விட்டுப்போகக் கூடாது என்பதற்காகச் சொல்கிறேன்.

மறுநாள் அவர் கொத்தமல்லி வாங்கப் போனபோது அடுப்புப் பெட்டியின் திருகை நூற்றைம்பதிலிருந்து இருநூற்றுப் பத்துக்குத் திருப்பினேன். அவ்வளவுதான். கவிழ்த்தபோது வோல்தியாதா முழுக்க ஓட்டை. அவர் ரொம்ப நேரம் அதையே பார்த்தார்.

"நான் நூத்தம்பதுலதானே வெச்சேன்?"

"இல்லம்மா, இருநூத்திப் பத்து. நான்தான் பார்த்தேனே. நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும்னு விட்டுட்டேன்."

"கண்ணு மங்குது போல" என்று சொல்லிக்கொண்டார். அதைத் தூக்கிப் போடச் சொன்னார். நான் போடவில்லை, சாப்பிட்டேன். அருமையாக இருந்தது.

நான் அத்துடன் நிறுத்தியிருப்பேன். ஆனால் அவர் என்னிடம் கேட்க ஆரம்பித்தார். ஒரு மனிதர் நம்மை நம்பிக் கேட்கும்போது ஏதாவது பதில் சொல்லத்தானே வேண்டும்?

"நைலி, அரிசிக்கு உப்பு போட்டேனா?"

போட்டிருப்பார். "இன்னும் போடலைம்மா" என்பேன். மறுபடி போடுவார். அன்று நாற்பது பேர் தட்டைத் தள்ளி வைத்தார்கள். இரண்டு நாள் கழித்துக் கேட்பார், போட்டிருக்கமாட்டார். "போட்டாச்சு" என்பேன். எப்போதும் பொய் சொல்லவில்லை, மூன்றுக்கு ஒரு தடவைதான். எப்போதும் சொன்னால் அவரே கண்டுபிடித்திருப்பார். அவர் புத்திசாலி.

ஜூன் நடுவில் எல்லாவற்றையும் என்னிடம் கேட்டுத்தான் செய்தார். மூக்குக்கண்ணாடி எங்கே, சாவி எங்கே, பூண்டு உரித்தாயிற்றா. கண்ணாடியை நான் எடுத்து மாவு டப்பாவுக்குள் வைத்திருப்பேன், நானே கண்டுபிடித்தும் கொடுப்பேன். "நீ இல்லன்னா என் கதி என்னடி?" என்று என் கன்னத்தைத் தடவுவார். பாட்டுப் பாடுவதை மட்டும் நிறுத்திவிட்டார். சமையலறை கொஞ்சம் அமைதியாகிவிட்டது.

ஒருநாள் உருளைக்கிழங்கு மூட்டையின் மேல் உட்கார்ந்து கேட்டார்.

"எங்கம்மாவுக்கும் கடைசியில இப்படித்தான் ஆச்சு. பெத்த பிள்ளைங்க யாருன்னே தெரியல. எனக்கும் அதான் வந்துருச்சா?"

"ஆரம்பத்துலயே தெரிஞ்சா நல்லதுதாம்மா" என்றேன். அந்தப் பதிலை நினைத்தால் எனக்கே பெருமையாக இருக்கிறது. பயமுறுத்தவும் இல்லை, வீண் நம்பிக்கை கொடுக்கவும் இல்லை.

இருந்தாலும் அவர் வேலையை விடவில்லை. அரேக்கிப்பாவில் இருக்கும் மகள் ரொசாரியோ பல வருடமாகக் கூப்பிடுகிறாள், அங்கே வெயில், பேரப்பிள்ளைகள், உட்கார்ந்து சாப்பிடலாம். கால் வீங்கிக்கொண்டு இங்கே நின்றுகொண்டிருந்தார். யாராவது உதவ வேண்டியிருந்தது.

அதனால் கேஸ். அவர் கடைசியாக அடுப்பைத் தொட்டுவிட்டுச் சந்தைக்குப் போன பிறகு, பின் பர்னரை நெருப்பில்லாமல் திறந்துவைத்தேன். ஜன்னலையும் சாத்தினேன், இல்லாவிட்டால் வாசனை நிற்காது. பத்து நிமிடம் தெருவில் நின்றேன். பிறகு முதலாளியைக் கூப்பிட்டேன். கூடத்தில் ஆறு பேர் சூப் குடித்துக்கொண்டிருந்தார்கள், தோரிபியோ சிகரெட்டை எடுத்து உதட்டில் வைத்திருந்தார். நான்தான் தட்டிவிட்டேன். எல்லோரும் என்னைக் கட்டிப்பிடித்தார்கள். மேசைக்கு மேசை கைதட்டல், அம்மா.

எலோய்சாம்மா பையோடு வந்து நின்றார். யாரும் அவரைத் திட்டவில்லை. முதலாளி மெதுவாகத்தான் கேட்டார்.

"எலோய்சாக்கா, மூட மறந்துட்டீங்களா?"

அவர் என்னைப் பார்த்தார். நான் தலையை மட்டும் அசைத்தேன்.

"ஆமாப்பா" என்றார். "மறந்துட்டேன் போல."

மூன்றாம் நாள் மகள் வந்து கூட்டிக்கொண்டு போனாள். ஏப்ரனை என் கழுத்தில் அவரே மாட்டிவிட்டார். பஸ் நிலையத்துக்கு நான்தான் பெட்டி தூக்கினேன். போன பிறகு முதலாளி ஒன்று சொன்னார்: ஆள் குறைப்பதைப் பற்றிப் பேசிய அன்றே எலோய்சாம்மா அவரிடம் போய், நான் பாதி நாள் வருகிறேன், அந்தப் பெண்ணை அனுப்பாதே, அவளுக்கு இங்கே யாருமில்லை என்று பேசி முடித்திருந்தாராம். அவ்வளவு நல்ல மனுஷி. கேட்டதும் மனது நிறைந்துவிட்டது.

இப்போது சமையலறை என்னுடையது. வெள்ளிக்கிழமைகளில் கெசியோ போடுகிறேன். "இன்னும் ரெண்டு ஓட்டை சேர்த்துப் போடும்மா" என்கிறார் தோரிபியோ. ஒரு மணிக்குள் தீர்ந்துவிடுகிறது.

போன வாரம் ரொசாரியோ போன் செய்தாள். பெரிய டாக்டரிடம் காட்டினார்களாம், தலையைப் படமெடுத்துப் பார்த்துவிட்டு ஒரு குறையும் இல்லை, திரும்ப வேலைக்கே போகலாம் என்றாராம். ஆனால் எலோய்சாம்மா நம்பவில்லை. டாக்டருக்கு என்ன தெரியும், நைலி கூடவே இருந்து பார்த்தவள் என்கிறாராம். தீப்பெட்டியைத் தொடுவதில்லை, தனியாகத் தெருவில் இறங்குவதில்லை. அம்மாவிடம் நீயே ஒரு வார்த்தை சொல், நீ சொன்னால் கேட்பார் என்று அழுதாள்.

சொல்ல என்னிடம் எல்லாம் தயாராகத்தான் இருந்தது. எலோய்சாம்மா போனை வாங்கினார்.

"நைலி, நெசத்தைச் சொல்லு. நான் நல்லாத்தான் இருந்தேனா?"

அந்தக் குரலைக் கேட்டிருந்தால் உனக்கும் இரக்கம் வந்திருக்கும், அம்மா. தன்னையும் நம்பவில்லை, டாக்டரையும் நம்பவில்லை, பெற்ற மகளையும் நம்பவில்லை. இந்த உலகத்தில் அவர் நம்புவதற்கு மிச்சம் இருப்பது நான் ஒருத்திதான். உண்மையைச் சொல்லி அந்த ஒருத்தியையும் அவரிடமிருந்து பறிக்க எனக்கு மனம் வரவில்லை.