ஏழு முனை நட்சத்திரம்

நீலத்துணி வெயில் பட்டால் சீக்கிரம் வெளுத்துவிடும், ஷெரிஃப். அதனால்தான் எங்கள் மாநிலத்தின் முதல் கொடியை ஊர் மன்றத்தில் ஜன்னலுக்கு எட்டாத உயரத்தில் மாட்டியிருக்கிறோம். வெளியாரிடம் அப்படித்தான் சொல்வோம்.

நீலத்தின் நடுவே கோதுமைக் கதிர், அதற்கு மேல் ஏழு முனை வெள்ளை நட்சத்திரம். சட்டமன்றம் நடத்திய போட்டியில் தேர்வான படம். வரைந்தவர் என் தாத்தா, கேப்டன் ஆம்ப்ரோஸ் தார்ன்பரி. பள்ளிப் புத்தகத்திலேயே இருக்கிறது. எங்களுக்கு இங்கே நிலமில்லை, ஆலையில்லை. அந்தக் கொடிதான் இருக்கிறது. எழுபத்தெட்டு வயதிலும் ஊர்வலத்தில் எனக்கு முதல் வரிசை என்றால், அதனால்தான்.

டெல்மா ப்ரூவெட் தலைநகர் அருங்காட்சியகத்திலிருந்து கொடியைப் பரிசோதிக்க வந்தார். வந்த அன்றே எனக்குச் சந்தேகம். எல்லோரும் நட்சத்திரத்தைப் பார்ப்பார்கள். இவர் தையலைப் பார்த்தார்.

"ஏழு முனை எதுக்குங்க?"

"ஏழு மலைக்கு, அம்மா."

"வரைபடத்துல அஞ்சுதானே இருக்கு? மிச்சம் ரெண்டையும் கேப்டன் கையோட கொண்டு போயிட்டாரா?" என்று சிரித்தார்.

நானும் சிரித்தேன்.

மறுநாள் காலை ஏணி கேட்டார். நானே கொண்டுவந்தேன். துணைக்கு வேறு யாரையும் கூப்பிடவில்லை. ஏன் என்று நீங்கள் கேட்கலாம்; நியாயமான கேள்விதான்.

"நல்லா புடிச்சுக்குங்க, மிஸ்டர் தார்ன்பரி. மூக்குக்கண்ணாடி புதுசு, படி சரியாத் தெரியல."

மேலே போய், மடித்துத் தைத்திருந்த ஓரத்தைப் பிரித்தார். உள்ளே சிவப்பு நூலில் எழுத்து. உரக்கப் படித்தார்: "ஹெடா வின்ஸ்லோ. வரைந்ததும் நான், தைத்ததும் நான்."

"அடப் பாவமே! இந்தம்மா பேர ஊருக்கே சொல்லணுங்க."

எனக்கு அதிர்ச்சியில்லை. ஹெடா தாத்தாவுக்குச் சட்டை தைத்துக் கொடுத்தவள். அப்பா சாகும்போது சொன்னதும் ஒன்றே ஒன்றுதான்: கொடியைத் துவைக்க இறக்கவிடாதே.

கொடியை நிமிர்ந்து பார்த்தால் வலது கையை நெஞ்சில் வைப்பது எங்கள் வழக்கம். வைத்தேன். இடது கையால் ஏணியைத் தள்ளினேன்.

பிறகு ஏணியை நிமிர்த்தி ஏறி, அந்த ஓரத்தைக் கத்தரித்து எடுத்து எரித்தேன். கீழே அவருக்கு இன்னும் மூச்சு இருந்தது. அவசரப்படவில்லை, கோணலாக வெட்டினால் கொடி கெட்டுவிடும். மூச்சு நின்ற பிறகு உங்களை அழைத்தேன்.

கொலை என்று எழுதிக்கொள்ளுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். அந்தப் பெயரை மட்டும் எழுத வேண்டாம். அப்படி ஒருத்தியை எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாது.