தண்ணீருக்கு அடியில் குவாரி

திருவையாற்றிலிருந்து தஞ்சாவூர் போகும் பேருந்து பாலத்தில் ஏறியது. ஆற்றில் புதுத் தண்ணீர் கலங்கலாக ஓடியது. ஜன்னலோரப் பெண் ஒருத்தி கையெடுத்துக் கும்பிட்டாள். என் முன் இருக்கையில் இருந்த விவசாயி மட்டும் முகத்தைத் திருப்பிக்கொண்டு சொன்னார்: "இந்தத் தண்ணி இன்னும் கொஞ்ச நாள் கழிச்சு வந்திருக்கலாம்."

பக்கத்தில் உட்கார்ந்திருந்த உரக்கடை பாய்க்குத் தூக்கிவாரிப் போட்டது. "விவசாயி பேசுற பேச்சாண்ணே இது?"

"மணல் குவாரிய நிறுத்தி, தோண்டுன குழிய மூடுங்கன்னு போன வருஷமே கோர்ட்டு சொல்லிடுச்சு பாய். மூடிட்டோம்னு அதிகாரிங்க எழுதிக் குடுத்துட்டாங்க. மூடலைன்னு நான் அவமதிப்பு வழக்கு போட்டேன். நேர்ல போயி அளந்து சொல்லுங்கன்னாரு ஜட்ஜ்."

"அளந்தாங்களா?"

"கோடை பூரா இன்னிக்கு வர்றோம், நாளைக்கு வர்றோம்னாங்க. மேட்டூரத் தொறந்து தண்ணி வந்தப்பறம் டேப்பத் தூக்கிக்கிட்டு வந்தாங்க. கரையிலயே நின்னு போட்டோ எடுத்தாங்க. ஆத்துல குழி எதுவும் தென்படலைன்னு ரிப்போர்ட்டு."

"நீங்க ஒண்ணும் சொல்லலையா?"

"தண்ணிக்கு அடியிலதாங்க இருக்குன்னேன். எறங்கிக் காட்டுங்கன்னாங்க."

பாய் சமாதானமாகக் கேட்டார்: "சரி விடுங்கண்ணே. தண்ணியாச்சும் வந்துச்சே. நாத்து விட்டாச்சா?"

"எங்கேருந்து விடுறது? மணல் எடுத்து எடுத்து ஆறு பள்ளமாப் போச்சு. வாய்க்கா மேட்டுல நிக்கிது, தண்ணி ஏறல. அதுக்குத்தானே பாய் நான் கோர்ட்டுக்கே போனேன்."