மாடிக்குப் போன பிரிண்டர்

— கையெ எடுங்க தம்பி! அந்த ஒயரெ உருவுனீங்கன்னா நானும் வேலெயெ உட்டுட்டு ஊட்டுக்குப் போயிருவேன், ஆமா!

— கத்தாதீக கலைமகளக்கா, பவர் டேபிள் தையல் மெஷின் சத்தத்தையும் மீறிக் கேக்குது. இந்த முனீசு என்ன திருடவா வந்துருக்கேன்? மெமரி ஒண்ணு சொருகணும், நெட்வொர்க் கார்டு ஒண்ணு மாட்டணும், பிரிண்டரை மாடியில கொண்டுபோய் வைக்கணும். அரை மணி நேர வேலை.

— பதினஞ்சு வருசமா என்ற ரூம்புல, என்ற கம்ப்யூட்டர்ல மாட்டியிருக்கற பிரிண்டருங்க இது. முதலாளி என்னெ ஒரு வார்த்தெ கேக்க வேண்டாமா?

— எனக்குச் சொன்னதை நான் செய்யிறேன். இது பழைய மாடலுக்கா. டிசைன் படம் வந்தாலே மெமரி பத்தாம பாதியில நின்னுருது. எல்லாரும் பென் டிரைவைத் தூக்கிக்கிட்டு வந்து உங்க ரூம்ல இருவது நிமிசம் காத்துக்கெடக்காக. இனி அவுகவுக சீட்டுல இருந்தே பட்டனைத் தட்டிக்கிறலாம்.

— காத்துக்கெடக்கட்டும்! கட்டிங் மாஸ்டர் சம்சாரம் கோவிச்சுக்கிட்டு சேவூருக்குப் போனது, ஸ்டோர் சந்தனத்துக்குச் சக்கரெ ஏறுனது, எல்லாம் எனக்கு எப்படித் தெரிஞ்சுதுன்னு நெனச்சீங்க? சேம்பிள் செக்சன் அருள்குமாரு ஒரே ஒரு பக்கம் எடுக்க வருவான், டிசைன் பொண்ணு சித்ரகலா வர்ற வரைக்கும் நகர மாட்டான். ரெண்டு பேரையும் பேச வெச்சதே நாந்தானுங்க.

— அதை ஊரு பூராச் சொன்னதும் நீங்கதானாமே? அந்தப் பிள்ளையை வீட்டுல ஒரு மாசம் வேலைக்கே அனுப்பலையாம்.

— நல்ல சேதியெ மூடியா வெப்பாங்க? ஏந் தம்பி, ஊட்டுலயும் எனக்கு யாருமில்லீங்க. டிவிகிட்ட எத்தனெதான் பேசறது? மெமரி மட்டும் போட்டுட்டு இங்கயே உட்டுருங்களே. இல்லெ... மெமரியும் வேண்டாங்க. வேகமா வந்துச்சுன்னா யாரு நிப்பாங்க?

— டெஸ்ட் பக்கம் வந்துருச்சுக்கா. புது மெமரியை எடுத்துக்கிருச்சு. கொஞ்சம் தள்ளுங்க, தூக்கணும்.

*

— வாங்க முனீசுத் தம்பி! ஒரு வருசமாச்சே. உக்காருங்க, சேரெல்லாம் சும்மாத்தான் கெடக்குது.

— மாடியில டோனர் மாத்த வந்தேன்க்கா. எப்படி இருக்கீக?

— இப்ப நாந்தான் படியேறிப் போறேன். அங்க எல்லாரும் காதுல பாட்டெ மாட்டிக்கிட்டு உக்காந்திருக்கறாங்க, ஒருத்தரும் தலெ நிமிர்றதில்லெ. ஒரு நாளு என்ற பேக்கிங் லிஸ்ட்டெ எடுக்கறேன், நடுவுல நாலு பக்கம் வெறும் பேரு. அருள்குமாரு, சித்ரகலா கல்யாணத்துக்குப் பத்திரிக்கெ வெக்க வேண்டியவங்க லிஸ்ட்டு. அங்கயே நின்னு மூணு வாட்டி படிச்சேனுங்க. வாட்ச்மேன் பேரு இருந்துச்சு. என்ற பேரு இல்லெ.

— அவசரத்துல மறந்திருப்பாகக்கா.

— அப்படித்தான் இருக்கோணும். கல்யாணம் முடிஞ்சு ரெண்டு பேரும் மடத்துக்குளத்துக்குக் குடி போயிட்டாங்களாமா. போறப்பவும் சொல்லிக்கலெ. எல்லாம் முதலாளி பண்ணுன வேலெ. பிரிண்டரு இங்கயே இருந்திருந்தா அருள்குமாரு என்னெ மறந்திருப்பானுங்களா?

— முதலாளி சும்மா சரின்னுதான் சொன்னாருக்கா. அந்த மெமரியையும் கார்டையும் கோயம்புத்தூர்ல கடை கடையாத் தேடி வாங்கிட்டு வந்து என் கையில குடுத்தது அந்த அருள்குமாரும் சித்ரகலாவுந்தான்.