மலைப் பிசின் செடிக்கு நாங்கள் காவல் இருந்த விதம்

செயின்ட் ஹெலினா, 14 மார்ச் 1985

மதிப்பிற்குரிய ஏவ்ரில் ஐயா அவர்களுக்கு,

அன்று செடியைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் மூன்று பேர். வடக்கே, மீன் கூடையைக் கவிழ்த்துப் போட்டு ஐவி க்ரோவி. தெற்கே, சாக்கை மடித்துப் பாறைமேல் போட்டு டெஸ்மண்ட் பார்கோ. ஊரில் கானாங்கெளுத்தி என்றால்தான் அவரைத் தெரியும். கிழக்கே, தேவாலயத்து முக்காலியில் நான். மேற்கே யாரும் உட்கார முடியாது, அந்தப் பக்கம் எண்ணூறு அடி கீழே கடல். அவர்கள் இருவர் கையிலும் ஈ அடிக்கும் மட்டை. நடுவில் செடி: இடுப்புயரம், சாமந்திச் சாதி, வெள்ளைப் பூ. உலகத்தில் மிச்சம் அது ஒன்றுதான்.

நாற்பது தப்படி தள்ளி ஊர்ப் பிசின் புதர் நிற்கிறது. மலைப் பிசினுக்கு ஒன்றுவிட்ட உறவு. அதன் மகரந்தத்தை ஓர் ஈ கொண்டுவந்து ஒட்டிவிட்டாலும் பிறப்பது கலப்பு. ஆகவே பூக்கும் காலத்தில் காலை ஏழு முதல் மாலை ஐந்து வரை ஈ அடிப்பது அவர்கள் வேலை. செடியின் ஒரு பூவிலிருந்து மறு பூவுக்குத் தூரிகையால் மகரந்தம் தொட்டு வைப்பது என் வேலை. பதினோரு பருவம் வைத்தேன். தன் மகரந்தத்தை அந்தச் செடி லேசில் ஏற்பதில்லை. விதையெல்லாம் பதர்.

எங்கள் ஊர்ப் பேச்சு உங்களுக்குப் பழக்கமில்லை. எனக்கு அவர்கள் வைத்த பெயர் தூரிகை. ரொட்டிக் கடை வரிசையில் நின்றால், "என்ன தூரிகை, வீட்டுக்காரிக்கு இன்னும் விசேஷம் ஒண்ணும் இல்லையா?" என்பார்கள்.

"குறை யாருகிட்டன்னு பாக்கணும்ப்பா," என்பார் கானாங்கெளுத்தி. "பாவம், செடியைச் சும்மா சொல்லக் கூடாது."

ஐவி மட்டும், "சிரில் அண்ணனை விடுங்களேன், அவரு என்ன பண்ணுவாரு," என்பாள். அது இன்னும் மோசம்.

எனக்கு ஐம்பத்து மூன்று வயது, திருமணமாகவில்லை. விவரம் முழுமையாக இருக்கட்டும் என்றுதான் குறிப்பிடுகிறேன்.

அந்தச் செவ்வாய்க்கிழமை, மீன் வடையும் ரொட்டியும் சாப்பிட்ட பிறகு, ஐவி கண்ணயர்ந்தாள். கானாங்கெளுத்தி பாறைக்குப் பின்னால் ஒதுங்கினார். நான் நாற்பது தப்படி நடந்து, ஊர்ப் பிசினில் தூரிகையைத் தொட்டுக்கொண்டு திரும்பி வந்தேன். அவர் வருவதற்குள் பாதிச் செடிக்கு வைத்து முடித்துவிட்டேன். ஒரே மலை, ஒரே மழை, இரண்டும் நல்ல குடும்பம். எல்லாம் பார்த்துத்தான் செய்தேன்.

மறு வருடம் அறுநூற்று நாற்பது கன்றுகள் முளைத்தன. மணி அடித்தார்கள். உங்கள் தாவரத் தோட்டத்திலிருந்து நீங்கள் தந்தி கொடுத்தீர்கள். ரொட்டிக் கடையில் எனக்கு வழி விட்டார்கள். "தூரிகைக்கு அறுநூத்து நாப்பது புள்ளைங்க," என்றார் கானாங்கெளுத்தி, "ஞானஸ்நானத்துக்குத் தண்ணி பத்தாதுடா." முதல்முறையாக அவர் பேச்சு எனக்குச் சிரிப்பைத் தந்தது.

ஆனால் அவற்றில் ஏழு கன்றுகள் வேறு மாதிரி இருந்தன. குள்ளம், மெதுவான வளர்ச்சி, இலை விளிம்பு தாயைப் போலவே. பதினோரு வருட உழைப்பு பலித்தது அந்த ஏழில்தான் என்று பார்த்ததும் தெரிந்துவிட்டது. மற்றவற்றின் பக்கத்தில் வைத்தால் எவருக்கும் வித்தியாசம் புரியும். ஒரு பக்கம் அறுநூற்று முப்பத்து மூன்று, மறுபக்கம் ஏழு. நீங்களும் பெரும்பான்மையைத்தான் பார்த்திருப்பீர்கள். தேநீர்க் கெண்டியில் கொதித்த நீரை ஏழுக்கும் ஊற்றினேன். நீர் ஊற்றுவது என் அன்றாடக் கடமை.

பிறகு தாய்ச் செடியின் இலைதான் தனித்துத் தெரிந்தது. மீனுக்குப் போடும் கல்லுப்பு, தினம் இரண்டு கைப்பிடி, வேரைச் சுற்றி. மூன்று வாரம் பிடித்தது. வயதான செடி, அதிகம் சிரமப்படவில்லை. அதன்பின் ஒப்பிட எதுவும் இல்லை என்பதால் எல்லாம் சரியாகப் பொருந்தியது.

போன மாதம் நீங்கள் கண்ணாடிக்குள் ஒட்டிய பழைய காய்ந்த இலையோடு வந்திறங்கினீர்கள். கன்றுகளை அதோடு ஒப்பிட்டு, அத்தனையும் கலப்பு என்றீர்கள். இது எப்படி நடந்தது என்று ஊர்க் கூடத்தில் கேட்டீர்கள்.

"அன்னைக்கு ஐவி தூங்குச்சுங்க," என்றார் கானாங்கெளுத்தி. "என் கண்ணால பாத்தேன்."

"தூங்கினேன் ஐயா," என்றாள் ஐவி. "ஒரு ஈ தப்பியிருக்கும். மன்னிச்சிருங்க."

அவளுக்கு வேலை போயிற்று. எங்கள் ஊரில் எல்லாருக்கும் பட்டப்பெயர் உண்டு, அவளுக்கு இப்போது 'ஈ'. அன்று பக்கத்தில் உட்கார்ந்திருந்து என் கைக்குட்டையைக் கொடுத்தது நான்தான்.

எந்த ஈயும் தப்பவில்லை ஐயா. கலந்தது நான், ஏழைக் கொன்றது நான், தாயைக் கொன்றதும் நான். உங்கள் ஆவணங்கள் பிழையில்லாமல் இருக்கட்டும் என்று எழுதுகிறேன். ஆனால் இதை உங்களோடு வைத்துக்கொள்ளுங்கள். ஞாயிறுதோறும் ஐவி முழங்காலிட்டு மன்னிப்புக் கேட்கிறாள். அத்தனை ஜெபமும் வீண் என்று தெரிந்தால் அவள் மனம் தாங்காது. அவளுக்காகத்தான் கேட்கிறேன்.

இந்தக் கடிதம் ஏறவேண்டிய கப்பல் நாளைக்குப் புறப்படுகிறது. துறைக்கு மீன் வடை விற்கப் போகிற ஐவி இப்போது என் வாசலில் நிற்கிறாள்.

"எனக்கு வேலையைத் திரும்பக் கேட்டு எழுதுறீங்களா, அண்ணே?"

"உன்னைப் பத்தி நல்லபடியாத்தான் எழுதியிருக்கேன்."

அது உண்மைதானே. மாவுப் பசை காய்வதற்குள் உறையை ஒட்டி அவள் கையிலேயே கொடுத்தனுப்புகிறேன். அவளைவிட நம்பகமான ஆள் இந்தத் தீவில் இல்லை.

இப்படிக்கு,
சிரில் யான்