வேலிக்குக் கரண்ட் விட்டாச்சு

இந்த ஸ்டேஷனில் டீ மோசமில்லை, இன்ஸ்பெக்டர். கோர்ட் கேன்டீன் டீயைப் பதினெட்டு வருடம் குடித்தவனுக்கு எதுவுமே மோசமில்லை.

முதலில் நிலத்தைச் சொல்லிவிடுகிறேன். தொண்டாமுத்தூர் தாண்டி, மலையடிவாரத்தில் இரண்டு ஏக்கர் தென்னந்தோப்பு. என் சித்தப்பாவுடையது. அதில் எனக்கு என்றைக்கும் சந்தேகம் இருந்ததில்லை. எண்பதுகளில் பட்டாவைத் திருத்த வந்த ஆட்கள், வரப்பில் கால் வைக்காமல், எங்கள் வாசலில் இளநீர் குடித்துக்கொண்டே, அவருடையதையும் சேர்த்து என் அப்பா பொங்கியண்ணன் பேரில் எழுதிவிட்டுப் போனார்கள். சோம்பேறிகள். சித்தப்பா அதையும் கவனிக்காமலே செத்துப்போனார். கவனிக்காதவர் சொத்தை வேறு யாராவது கவனிக்கத்தானே வேண்டும்?

அவர் மனைவி ராசாத்தாள் கேஸ் போட்டாள். படிப்பு மூன்றாம் வகுப்பு. வாய்தாவுக்கு வாய்தா அதே பாகப் பத்திரத்தைக் கட்டைப்பையில் போட்டுக்கொண்டு வருவாள். நானும் அதே பஸ்தான். "இப்படி உக்காருங்க சின்னம்மா" என்று எழுந்து இடம் கொடுப்பேன். எங்கள் பக்கம் வழக்கு வேறு, பேச்சு வேறு. கோர்ட்டில் என் வக்கீல் அவளை அத்துமீறிக் குடியேறியவள் என்பார். திரும்பும்போது அவள் எனக்கு நிலக்கடலை நீட்டுவாள். இப்படிப்பட்ட ஒருத்தியை எப்படி மதிப்பது?

அவளுக்கு எழுபத்தொரு வயது. இழுத்துக்கொண்டே போனால் தானாக முடியும் என்று இருந்தேன். முடியவில்லை. மகள் சண்முகப்பிரியா பொள்ளாச்சிக்குக் கூப்பிட்டும் போகாமல், அந்தத் தோப்புக்குள் புருஷன் கட்டிய மண்சுவர் வீட்டில், எங்கள் பேச்சில் சாளை, அதிலேயே தனியாகக் கிடந்தாள். என் வக்கீல் போன மாதம் சொன்னார். "பட்டா மட்டும் பத்தாதுங்க. நெலம் அவங்க அனுபவத்துல இருக்குது. வியாழக்கிழமை கோர்ட்டு கமிஷனர் நேர்ல பாக்க வாராருங்க. சாளையில ஆள் குடியிருந்தா நமக்குச் சிரமந்தான்."

சாளையில் ஆள் இருக்கக் கூடாது. விஷயம் அவ்வளவுதான்.

காட்டோரம் யானைக்காக, ஒட்டியிருக்கும் என் நிலத்துக்கும் அவள் தோப்புக்கும் சேர்த்து ஒரே சோலார் வேலி, கேஸுக்கு முன்னால் போட்டது. பேட்டரி என் மோட்டார் ரூமில் இருக்கிறது. தினமும் சாயங்காலம் அவள் வரப்பில் வந்து நின்று, "ஏனுங் கண்ணு, வேலிக்குக் கரண்ட் உட்டாச்சுங்களா?" என்று கேட்டுவிட்டுத்தான் படுக்கப் போவாள். தான் கோர்ட்டுக்கு இழுத்தவனிடமே கேட்பாள். அவள் புத்தி அவ்வளவுதான்.

செவ்வாய்க்கிழமை பேட்டரி வயரைக் கழற்றினேன். அவள் ரேஷன் கடைக்குப் போயிருந்தபோது ஆறு பலாப்பழத்தைப் பிளந்து சாளையின் பின்சுவர் ஓரமாக வைத்தேன். கொரோனா வந்து போனதிலிருந்து அவளுக்கு வாசனை தெரியாது. பஸ்ஸில் அவளே சொன்னதுதான்.

யானை சுவரைத் தள்ளினால் பயந்து மகள் வீட்டுக்குப் போய்விடுவாள் என்று நினைத்ததாக நேற்று உங்களிடம் சொன்னேன். அது முழுதாகச் சரியில்லை. பின்சுவரை ஒட்டித்தான் அவள் கட்டில் என்பதும் எனக்குத் தெரியும்.

புதன்கிழமை விடிவதற்குள் முடிந்துவிட்டது. ஊரே யானையைத் திட்டியது. காரியங்களுக்கெல்லாம் நான்தான் முன்னால் நின்றேன். அங்கேதான் சண்முகப்பிரியா என் முகத்தைப் பார்த்துக் கேட்டாள். "ஏனுங்கண்ணா, அம்மா உங்களைக் கேக்காமப் படுக்க மாட்டாங்களே. அன்னிக்குக் கேக்கலீங்களா?"

கழன்ற வயரை நீங்கள் வந்து பார்த்தது அதற்குப் பிறகுதான்.

அன்றைக்கும் கேட்டாள். "உட்டாச்சுங்க சின்னம்மா, நிம்மதியாப் படுங்க" என்றேன்.

கொன்றேன் என்றே எழுதுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். ஒன்றை மட்டும் சேர்த்துக்கொள்ளுங்கள். இந்தப் பதினெட்டு வருடத்தில் ஒருநாள்கூட சின்னம்மாவிடம் நான் மரியாதைக் குறைவாகப் பேசியதில்லை.