தீர்த்தகிரியின் சாப்பாட்டுப் பணம்

பாவசங்கீர்த்தன வரிசையில் கடைசியாகத்தான் நின்றேன் சாமி. நான் சொல்லி முடிக்கக் கொஞ்சம் நேரம் பிடிக்கும். பின்னால் நிற்கிறவர்களுக்குக் கால் வலிக்கக் கூடாது.

என் வீட்டுக்காரர் உபகாரசாமியை அடக்கம் செய்தது நீங்கள்தான். அயோத்தியாப்பட்டணத்தில் ரோட்டோரம் நடந்துகொண்டிருந்தவர்மேல் வாழப்பாடி தீர்த்தகிரி தன் பஸ்ஸை ஏற்றினார். குடித்திருந்தார் என்று கோர்ட்டே சொன்னது. எனக்கு எண்ணூறு ரூபாய் தரச் சொல்லித் தீர்ப்பானது. மூன்று வருஷம் அவர் தரவில்லை. ஜப்திக்குக் கோர்ட் அமீனா போனபோது பஸ் அவர் மச்சான் பெயருக்கு மாறியிருந்தது. வழியில் என்னைப் பார்த்தால் ஹாரன் அடித்துவிட்டுப் போவார்.

"ஆளையே பிடிச்சு சிவில் ஜெயில்ல போடலாம்மா. ஆனா அவன் சாப்பாட்டுச் செலவை மாசாமாசம் நீதான் கட்டணும், கட்டலேன்னா விட்டுடுவாங்க" என்றார் வக்கீல்.

கம்மலை விற்றுக் கட்டினேன். அவர் உள்ளே போன அன்றுதான் நன்றாகத் தூங்கினேன்.

மூன்றாவது வாரம், ஜெயிலில் புருஷனைப் பார்த்துவிட்டு அவர் சம்சாரம் வள்ளியாத்தாள் நேராகச் சூரமங்கலத்தில் என் வீட்டுக்கு வந்தாள். காட்டை விற்றிருந்தாள்.

"அக்கா, எண்ணூறும் இருக்குது, எண்ணிப் பாத்துக்குங்க. அவருக்கு வயித்தால போறது நிக்கலீங்க. ரத்தமாப் போவுது. ஊட்டுக்குக் கொண்டுபோயிட்டா பொழைச்சுக்குவாரு."

பணத்தை நான் தொடவில்லை.

"வக்கீல் ஊர்ல இல்லம்மா. அவரு இல்லாம வாங்கப்படாது. திங்கக்கிழமை வா."

கோர்ட்டிலேயே பணத்தைக் கட்டிப் புருஷனை மீட்டுவிடலாம் என்பது அவளுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். ரத்தமாகப் போகிறவர் எத்தனை நாள் தாங்குவார் என்பதும் தெரியும். என் தம்பி அப்படித்தான் போனான். வெயிலில் வந்தவளாயிற்றே என்று மோர் கொடுத்தேன். கும்பிட்டுவிட்டுப் போனாள்.

திங்கட்கிழமை மறுபடி வந்தாள். வக்கீல் இன்னும் வரவில்லை, வியாழக்கிழமை பார்க்கலாம் என்றேன். அவள் தெருமுனை திரும்பியதும் கோர்ட்டுக்குப் போய், அடுத்த மாதச் சாப்பாட்டுப் பணத்தை முன்கூட்டியே கட்டினேன். வக்கீல் வராந்தாவில்தான் நின்றிருந்தார்.

"அவங்க பணத்துக்கு ஏதாச்சும் வழி பண்றாங்களாம்மா?"

"ஒண்ணும் தெரியலீங்க."

புதன்கிழமை விடியும்போது தீர்த்தகிரி இறந்துபோனார். வள்ளியாத்தாள் அப்புறம் வரவில்லை. அந்த எண்ணூறை நானும் கேட்கவில்லை.

அந்த மனுஷனை நான் ஒன்றும் செய்யவில்லை சாமி. ஒரு வேளைகூடப் பட்டினி போட்டதில்லை; கோர்ட்டுப் புத்தகத்திலேயே பார்க்கலாம். ஆனால் வள்ளியாத்தாளிடம் இரண்டு, வக்கீலிடம் ஒன்று, ஆக மூன்று பொய் சொல்லியிருக்கிறேன். அதற்கு என்ன அபராதமோ, அதைக் கொடுங்கள்.